கடைமடைக்கு எட்டாத ரத்தம்

கால் வலி என்று யார் சொன்னாலும் நான் இரண்டு கேள்வி கேட்பேன். எவ்வளவு தூரம் நடந்தால் வலி வருகிறது? நின்றால் எவ்வளவு நேரத்தில் போகிறது? "சாயாக்கடை வரைக்கும் போனா கெண்டைக்கால் இறுக்கிப் பிடிக்கும், அங்க அஞ்சு நிமிஷம் நின்னா சரியாயிரும், திரும்ப நடந்தா அதே தூரத்துல திரும்பவும் பிடிக்கும்" என்று ஒருவர் பதில் சொல்லிவிட்டால், உடனே அவரைச் செருப்பைக் கழற்றச் சொல்லிப் பாதத்தைத் தொட்டுப் பார்ப்பேன்.

நான் கன்னியாகுமரி மாவட்டத்துச் செவிலியர். பணிக்காலத்தின் பெரும்பகுதியை அறுவை சிகிச்சைப் பிரிவில், அதிலும் காலில் உள்ள புண்ணைக் கழுவிக் கட்டுவதில் கழித்தவள். குலசேகரம், அருமனை, கடையாலுமூடு பக்கத்து மலையோரங்களிலிருந்து ரப்பர் பால் வெட்டுகிறவர்கள் வருவார்கள். குளச்சல், முட்டம், தூத்தூர் கரைகளிலிருந்து கடலுக்குப் போகிறவர்கள் வருவார்கள். நாஞ்சில் நாட்டு வயல்காரர்கள் வருவார்கள். பலரும் வந்து சேரும்போது ஒரு விரலாவது கறுத்திருக்கும். "போன வாரம் ஏதோ பூச்சி கடிச்சிட்டு" என்று கூட வந்தவர்கள் சொல்வார்கள். பக்கத்தில் உட்கார்ந்து பொறுமையாக விசாரித்தால், ஒரு வருஷமோ இரண்டு வருஷமோ முன்னாலிருந்தே அந்தக் கால் அடையாளம் காட்டிக்கொண்டு இருந்திருக்கிறது என்று தெரியும். வயசு என்றும் வாயு என்றும் வாதம் என்றும் எல்லோரும் அதைக் கடந்து போயிருப்பார்கள். அந்த அடையாளங்களை, ஆஸ்பத்திரிப் படி ஏறும் முன்பே வீட்டில் பார்த்துத் தெரிந்துகொள்ளக்கூடியவற்றை, எழுதிவைக்க வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்திருந்தேன்.

என் தாய்மாமா பால்வெட்டுத் தொழிலாளி. விடியும் முன்னே தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, மலைச்சரிவில் மரத்துக்கு மரம் ஏறி இறங்கி நடப்பதுதான் அவர் வேலை. அறுபதை நெருங்கிய காலத்தில், ஏற்றத்தின் பாதியில் ஒரு பலாமரத்தடியில் நின்று பீடி பற்றவைக்கும் பழக்கம் அவருக்கு வந்தது. மாமிதான் இதை முதலில் கவனித்தது. "முன்னெல்லாம் வெட்டி முடிச்ச பெறவுதான் பீடி எடுப்பாரு. இப்ப ஏறி முடியும் முன்னே நிக்காரு" என்று என்னிடம் சொன்னார். இறக்கத்தில் மாமா நிற்பதில்லை. சமதரையில் சந்தைக்குப் போகும்போது இன்னும் கொஞ்சம் தூரம் போவார், அப்புறம் வழியில் யாரையாவது பிடித்துப் பேச்சுக் கொடுத்து நிற்பார். பேச்சு முடிந்ததும் விறுவிறுவென்று நடப்பார். வலிக்கிறதா மாமா என்று நேரடியாகக் கேட்டேன். "வயசாச்சுல்லா மக்களே. கெண்டைக்கால்ல வாயு பிடிக்கு. கொஞ்சம் நின்னா போயிரும்" என்றார்.

கொஞ்சம் நின்றால் போய்விடும் என்பதுதான் என்னைப் பயமுறுத்தியது.

பேச்சிப்பாறை அணையைத் திறந்த பிறகும் கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை என்ற குறை எங்கள் பக்கத்தில் அடிக்கடி கேட்பது. அணையில் தண்ணீர் இருக்கும், தலைமடையில் பயிர் பச்சையாக நிற்கும், வழியில் கால்வாய் மண்மேடிட்டுக் கிடப்பதால் கடைசி வயல் மட்டும் காயும். உடம்பில் கடைமடை என்றால் அது பாதம்தான். இதயத்திலிருந்து ரத்தம் வெகுதூரம் வர வேண்டிய இடம். வரும் வழியில் தமனியின் உட்சுவரில் கொழுப்பும் சுண்ணாம்பும் படிந்து குழாய் குறுகிப்போனால், உட்கார்ந்திருக்கும் நேரத்துக்கு வருகிற ரத்தம் போதும். நடக்கும்போது கெண்டைத் தசை பல மடங்கு கேட்கும். அந்த அளவுக்குக் கிடைக்காதபோது தசை வலிக்கிறது. இதைத்தான் கால் தமனி நோய் என்கிறோம். நின்றதும் தேவை குறைந்துவிடும், சில நிமிஷங்களில் வலி அடங்கும், பெரும்பாலும் பத்து நிமிஷம்கூட ஆகாது. உட்காரவோ படுக்கவோ வேண்டியதில்லை, சும்மா நின்றாலே போதும். ஏற்றத்தில் தசைக்கு வேலை அதிகம், அதனால்தான் மாமாவின் கால் சந்தைச் சாலையைவிட மலையில் சீக்கிரம் நின்றது.

வலி எந்த இடத்தில் என்பதை வைத்து அடைப்பு எங்கே என்று ஓரளவு ஊகிக்கலாம். அடைப்பு இருக்கும் இடத்துக்குக் கீழே உள்ள தசைதான் வலிக்கும். தொடைத் தமனியில் என்றால் கெண்டைக்காலில். இடுப்புக்குள் ஓடும் பெரிய குழாயில் என்றால் பிட்டத்திலும் தொடையிலும். ஆண்களுக்கு இதோடு ஆண்மைக் குறைவும் சேர்ந்து வரலாம். அதை யாரும் வாய் திறந்து சொல்வதில்லை. மருத்துவரிடமாவது சொல்லுங்கள், அது ஒரு முக்கியமான துப்பு.

இன்னொன்று. எல்லோருக்கும் இது வலியாகவே வரும் என்று எண்ண வேண்டாம். சிலருக்குக் கால் கனக்கும், சிலருக்கு மரக்கும், சிலருக்குச் சோர்ந்து விழும். ஒன்றுமே தெரியாதவர்களும் ஏராளம். 2010ஆம் ஆண்டுக்கான மதிப்பீட்டின்படி உலகில் 20 கோடிப் பேருக்கு மேல் கால் தமனி நோய் இருந்தது. அவர்களில் பெரும்பாலோருக்கு மேலே சொன்ன அந்த அச்சு அசலான நடைவலி கிடையாது. சிலர் தங்களை அறியாமலே நடையைக் குறைத்துக்கொண்டு விடுகிறார்கள். சந்தைக்கு நடந்து போனவர் ஆட்டோவில் போக ஆரம்பிப்பார், கோயிலுக்குப் போவதை நிறுத்துவார், மகனை வண்டியில் கொண்டுவிடச் சொல்வார். வலி வரும் தூரத்தை அவர் எட்டுவதே இல்லை. ஆகவே உங்கள் வீட்டுப் பெரியவர் போன வருஷம் எங்கெல்லாம் நடந்து போனார், இந்த வருஷம் எங்கே நடந்து போவதை நிறுத்தினார் என்று யோசித்துப் பாருங்கள். வலி இருக்கிறதா என்று கேட்டால் கிடைக்காத பதில் அதில் கிடைக்கும்.

இதே மாதிரி ஏமாற்றும் வலிகளும் உண்டு. முதுகுத்தண்டில் நரம்புக்கு இடம் குறுகிப்போனால் நடக்கும்போது காலில் வலி இறங்கும். ஆனால் அது நின்றால் போகாது, உட்கார்ந்தால் அல்லது முன்னால் குனிந்தால்தான் போகும். அப்படிப்பட்டவர் சைக்கிள் கைப்பிடியில் சாய்ந்து உருட்டிக்கொண்டு வெகுதூரம் போவார். முழங்கால் தேய்மானம் என்றால் எழுந்து வைக்கும் முதல் சில அடிகளிலேயே வலிக்கும், படி இறங்கும்போது கூடும். தமனி வலிக்குத் தூரக் கணக்கு உண்டு. ஏறக்குறைய அதே தூரம், அதே தசை, அதே ஓய்வு.

மாமாவை மாமி முதலில் கூட்டிக்கொண்டு போனது வர்ம ஆசானிடம். எங்கள் மாவட்டத்தில் அது இயல்பு. விழுந்தாலும் சுளுக்கினாலும் கால் பிடித்தாலும் ஆசான், தைலம், தடவல், கிழி என்றுதான் போவோம். அந்த ஆசான் இரண்டு பாதத்தையும் மாறி மாறித் தொட்டுப் பார்த்துவிட்டு, "இந்தக் கால்ல துடிப்பு எட்டல. இதுல எண்ணெய் போட்டுத் தடவினா நல்லதில்ல. பெரிய ஆஸ்பத்திரியில காட்டுங்க" என்று சொல்லிக் காசு வாங்காமல் அனுப்பினார். அவர்மேல் எனக்கு இன்றும் பெரிய மரியாதை. தன் கைக்கு எது எட்டும், எது எட்டாது என்று தெரிந்தவர் அவர்.

எல்லாரும் அப்படி இருப்பதில்லை. ரத்தம் குறைந்த காலில் சூட்டுக் கிழி, வெந்நீர்ப் பை, சூடான மணல் ஒத்தடம் வைத்துத் தோல் வெந்துபோய் வந்தவர்களுக்கு நான் கட்டுப் போட்டிருக்கிறேன். நல்ல காலில் சூடு பட்டால் ரத்தம் ஓடிவந்து அதைக் கடத்திக்கொண்டு போகும். ஓட்டம் குறைந்த காலில் சூடு அங்கேயே தங்கிவிடும், சூடேறிய திசுவுக்கு ரத்தத் தேவையும் கூடும். கால் சில்லென்று இருக்கிறதே என்று இரக்கப்பட்டுத்தான் வீட்டில் ஒத்தடம் கொடுப்பார்கள். தயவுசெய்து வேண்டாம். மெத்தென்ற பருத்தித் துணியோ தளர்வான சாக்ஸோ போதும்.

நோய் முற்றும்போது வலி நடையை விட்டு இரவுக்கு வந்துவிடும். இதை அதிகம் பேர் தவறவிடுகிறார்கள். படுத்து ஒன்றிரண்டு மணி நேரத்தில் பாதத்தின் முன்பகுதியும் விரல்களும் எரிந்து குடையும். எழுந்து காலைக் கட்டிலுக்குக் கீழே தொங்கவிட்டால் அல்லது வெறும் தரையில் நாலு அடி நடந்தால் குறையும். படுக்கும்போது ரத்தத்தைக் கீழே இழுக்க புவியீர்ப்பு இல்லை, காலைத் தொங்கவிட்டால் அது உதவுகிறது. அதனால் இவர்கள் நாளடைவில் ஒரு காலைத் தொங்கவிட்டுக்கொண்டே தூங்கப் பழகுவார்கள், இல்லாவிட்டால் நாற்காலியிலேயே ராத்திரியைக் கழிப்பார்கள். வீட்டில் "அப்பாவுக்குத் தூக்கமே இல்ல" என்பார்கள். இரவெல்லாம் தொங்கிய கால் காலையில் வீங்கியும் இருக்கும், வீக்கத்தைப் பார்த்துக் கிட்னியோ என்று வேறு வழியில் ஓடுவார்கள். இப்படி இரவு வலி இரண்டு வாரமாக நீடிக்கிறது என்றால் அந்தக் கால் ஆபத்தில் இருக்கிறது. அடுத்த மாதம் பார்க்கலாம் என்று தள்ளிப்போட இடமில்லை.

சரி, காலைப் பார்ப்பது எப்படி?

பகல் வெளிச்சத்தில், முழங்கால் வரை வேட்டியையோ சேலையையோ விலக்கி, இரண்டு காலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரு காலை இன்னொரு காலோடு ஒப்பிடுவதில்தான் சேதி அதிகம் கிடைக்கும். புறங்கையால் தொட்டால் ஒரு பாதம் மட்டும் குளிர்ந்திருக்கிறதா? ஒரு கெண்டை மட்டும் மெலிந்திருக்கிறதா? தோல் மெலிந்து மினுமினுப்பாக, சுருக்கம் போய் இழுத்துக் கட்டினாற்போல் இருக்கிறதா? கால் பெருவிரல் மேல் இருந்த முடி ஒரு காலில் மட்டும் உதிர்ந்திருக்கிறதா? இரண்டு காலிலும் முடி குறைவது வயதானால் பலருக்கும் நடப்பது, அதை மட்டும் வைத்துப் பயப்பட வேண்டாம். நகம் தடித்து, மெதுவாக வளர்ந்து, வெட்டினால் உதிர்கிறதா? விரலிடுக்கைப் பிரித்துப் பாருங்கள், அங்கேதான் புண் ஒளிந்திருக்கும். எங்கள் மாவட்டத்துக்கு இரண்டு பருவமழையும் உண்டு, வருஷத்தில் பல மாதம் கால் நனைந்தேதான் இருக்கிறது. விரலிடுக்கில் சேற்றுப்புண் வந்தால் நல்ல காலுக்கு அது ஒரு தொந்தரவு, அவ்வளவுதான். ரத்தம் எட்டாத காலுக்கு அது கிருமிக்குத் திறந்துவிட்ட கதவு.

நிறம் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். கால் வெளுக்கும், நீலம் பாரிக்கும் என்றுதான் பாடப் புத்தகத்தில் படித்தோம். வெள்ளைக்காரர் தோலைப் பார்த்து எழுதிய வர்ணனை அது. வெயிலில் உழைத்த நம் புறங்காலில் வெளுப்பும் தெரியாது, நீலமும் தெரியாது. நம் காலில் பார்க்க வேண்டிய இடம் உள்ளங்கால், விரல் நுனியின் அடிப்பக்கம், நகத்துக்கு அடியில் உள்ள சதை. அங்கே ரோஜா நிறம் போய்ச் சாம்பல் பூத்தாற்போலவோ மங்கிய ஊதாவாகவோ தெரிந்தால் அதுதான் அடையாளம். விரல் நுனியை ஐந்து விநாடி அழுத்தி விட்டால், வெளுத்த இடம் இரண்டு மூன்று விநாடியில் பழைய நிறத்துக்கு வர வேண்டும். வெகுநேரம் எடுத்தால் சந்தேகம். கால் குளிரில் நனைந்திருந்தாலும் தாமதமாகும், அதனால் துடைத்துவிட்டுச் சற்று நேரம் கழித்துப் பாருங்கள்.

படுக்கவைத்து இரண்டு காலையும் ஏறக்குறைய 45 டிகிரிச் சாய்வில் தூக்கி ஒரு நிமிஷம் பிடித்தால், ஓட்டம் குறைந்த காலின் உள்ளங்கால் நன்றாக வெளுத்துவிடும். பிறகு எழுந்து உட்கார்ந்து தொங்கவிட்டால் நல்ல பாதத்துக்குச் சில விநாடிகளில் நிறம் திரும்பும். நோயுள்ள பாதத்துக்கு அரை நிமிஷம்கூட ஆகும், அப்புறம் மெல்ல மெல்ல செங்கறுப்பாகச் சிவக்கும். இந்தச் சிவப்பைப் பார்த்துத்தான் நிறையப் பேர் "நல்லா ரத்தம் ஓடுது, பாருங்க எப்படிச் சிவந்திருக்கு" என்று ஆறுதல் அடைகிறார்கள். உண்மையில், ரத்தத்துக்கு ஏங்கிய சிறு குழாய்கள் எல்லாம் தளர்ந்து திறந்துகிடப்பதால் வரும் சிவப்பு அது. காலை உயர்த்திப் பார்க்காமல் அந்தச் சிவப்பை நம்பக்கூடாது.

அடுத்து துடிப்பு. ஒவ்வொரு வீட்டிலும் ஒருவருக்காவது இது தெரிந்திருக்க வேண்டும் என்பது என் ஆசை. கால் பெருவிரலை மேல்நோக்கித் தூக்கச் சொன்னால் புறங்காலில் ஒரு தசைநாண் புடைத்துத் தெரியும். அதற்குச் சற்று வெளியே, சுண்டுவிரல் பக்கமாக, புறங்காலின் நடு மேட்டில் உங்கள் மூன்று விரல் நுனிகளை மெதுவாக வையுங்கள். அழுத்தினால் துடிப்பு மறைந்துவிடும். கைக் கட்டைவிரலை வைக்காதீர்கள், அதில் உங்கள் துடிப்பே உங்களுக்குக் கேட்கும். இரண்டாவது இடம் உள்பக்கக் கணுக்கால் எலும்புக்குப் பின்னால், எலும்புக்கும் குதிகால் நாணுக்கும் நடுவில் உள்ள பள்ளம். முதலில் ஆரோக்கியமான ஒரு பிள்ளையின் காலில் தேடிப் பழகிக்கொள்ளுங்கள். புறங்கால் துடிப்பு சிலருக்குப் பிறவியிலேயே எட்டாது, வீங்கிய காலிலும் கிடைக்காது. அதனால் துடிப்பு கிடைக்கவில்லை என்றதும் கலங்க வேண்டாம், மருத்துவரிடம் காட்ட ஒரு காரணம் கிடைத்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். அதேபோல் துடிப்பு கிடைத்துவிட்டதே என்று நடைவலியைத் தள்ளிவிடவும் வேண்டாம்.

மருத்துவர் செய்யும் முதல் பரிசோதனைக்கு ஊசியும் கிடையாது, வலியும் கிடையாது. கையில் பிரஷர் பார்ப்பதுபோலவே கணுக்காலிலும் பட்டையைச் சுற்றி, கையடக்கமான டாப்ளர் கருவியால் துடிப்பின் ஒலியைக் கேட்டு, கால் அழுத்தத்தைக் கை அழுத்தத்தால் வகுப்பார்கள். கையில் 140, காலில் 84 என்றால் 0.6. ஒன்றிலிருந்து 1.4 வரை இயல்பு. 0.9 அல்லது அதற்குக் கீழே என்றால் கால் தமனி நோய். 0.4க்குக் கீழே என்றால் கால் ஆபத்தில் இருக்கிறது. மாமாவுக்கு வலது காலில் 0.6க்குக் கிட்டே வந்தது. 1.4க்கு மேலே போனால் நல்லது என்று நினைக்க வேண்டாம். சர்க்கரை நோயாலும் சிறுநீரக நோயாலும் குழாய்ச் சுவரில் சுண்ணாம்பு ஏறி இறுகிவிட்டால் பட்டையால் அதை அழுத்த முடியாது, எண் பொய்யாக உயரும். அப்போது கால் பெருவிரலில் அழுத்தம் பார்க்க வேண்டும்.

சர்க்கரை நோயாளிகளைப் பற்றித்தான் எனக்குக் கவலை அதிகம். சர்க்கரை ஒரே காலில் இரண்டு கெடுதல் செய்கிறது. முழங்காலுக்குக் கீழே உள்ள சிறிய தமனிகளை அடைக்கிறது, வலியைச் சொல்ல வேண்டிய நரம்பையும் மரக்கச் செய்கிறது. அதனால் இவர்களுக்கு நடைவலியும் இல்லாமல் இரவு வலியும் இல்லாமல் நேரே புண்ணில் வந்து நிற்கும். சிவராத்திரி சிவாலய ஓட்டம் எங்கள் மாவட்டத்துக்கே உரியது. முஞ்சிறை திருமலையில் தொடங்கித் திருநட்டாலத்தில் முடியும் பன்னிரண்டு சிவாலயங்கள், 'கோவிந்தா கோபாலா' என்ற கோஷத்தோடு நூறு கிலோமீட்டருக்கு மேல் நடையும் ஓட்டமும். சிறு வயதில் நானும் ரோட்டோரம் நின்று ஓடுகிறவர்களுக்குப் பானகம் கொடுத்திருக்கிறேன். அது முடிந்த பிறகு வரும் நாட்களில் கொப்புளம் உடைந்த பாதங்கள் கட்டுப் போட வரும். இளவயதுக்காரர்களுக்கு அது சீக்கிரமே ஆறிவிடும். வருஷக்கணக்காகச் சர்க்கரை உள்ளவருக்கு அதே கொப்புளம் பங்குனி வெயிலையும் தாண்டி ஆறாமல் கிடக்கும். சுசீந்திரம் பிராகாரக் கல்லில் உச்சி வெயிலில் சுற்றி வந்து, சுட்டதே தெரியாமல் பாதம் வெந்தவர்களையும் பார்த்திருக்கிறேன். பக்தியை விடச் சொல்லவில்லை. போகும் முன் துடிப்பையும் உணர்ச்சியையும் பார்த்துக்கொண்டு போங்கள், வெயிலுக்கு முன்னே போங்கள், திரும்பி வந்ததும் உள்ளங்காலைக் கண்ணாடி வைத்தாவது பாருங்கள். சர்க்கரை உள்ளவர் காலில் புண் கண்டால் அன்றைக்கே அல்லது மறுநாளே காட்ட வேண்டும். மற்றவர்களுக்கும் இரண்டு வாரத்தில் ஆறாத புண் சாதாரணப் புண் அல்ல.

புண்ணிலும் இரண்டு வகை உண்டு, இரண்டுக்கும் மருந்து நேர் எதிர். அண்டி ஆபீஸிலும் (முந்திரி ஆலை) துணிக்கடையிலும் நாள் முழுக்க ஒரே இடத்தில் இருந்தோ நின்றோ வேலை செய்யும் பெண்களுக்குக் காலில் நரம்பு சுருண்டு புடைப்பது அதிகம். அது சிரையில், அதாவது ரத்தத்தை இதயத்துக்குத் திருப்பிக் கொண்டுபோகும் குழாயில், வரும் கோளாறு. மாலையானால் கால் கனத்து வீங்கும், காலை உயர்த்திப் படுத்தால் சுகமாக இருக்கும், உள் கணுக்காலுக்கு மேலே தோல் பழுப்பாகிக் கசியும் புண் வரும். தமனிப் புண் விரல் நுனியிலும் விரலிடுக்கிலும் குதிகாலிலும் வரும். ஓரம் வெட்டியெடுத்ததுபோல் இருக்கும், அடிப்பகுதி வெளிறியோ கறுத்தோ இருக்கும், காலை உயர்த்தினால் வலி கூடும். முதலாவதுக்கு இறுக்கமான காலுறை மருந்து. இரண்டாவதுக்கு அதையே போட்டால் இருக்கிற ரத்தமும் நின்றுபோகும். பக்கத்து வீட்டு அக்காவுக்கு நல்லதாகப் போன காலுறையை நீங்களாக வாங்கிப் போடாதீர்கள், முதலில் கணுக்கால் அழுத்தம் பார்க்கட்டும். ஆணிக்காலைப் பிளேடால் சீவுவதும், கடையில் விற்கும் அமிலம் தடவிய ஆணிப் பிளாஸ்திரி ஒட்டுவதும் இதே காரணத்தால் கூடாது.

புகையிலையைப் பற்றிப் பேசாமல் இதை முடிக்க முடியாது. கால் தமனியைக் கெடுப்பதில் சர்க்கரையும் பீடியும்தான் முன்னால் நிற்கின்றன, ரத்த அழுத்தமும் கொழுப்பும் அடுத்து வரும். இதைத் தவிர, இளைஞர்களுக்கே வரும் ஒரு நோய் இருக்கிறது. 1908இல் நியூயார்க்கில் லியோ பர்கர் என்ற மருத்துவர் விவரித்ததால் அவர் பெயரால் பர்கர் நோய் என்கிறார்கள். கொழுப்பு படிந்து வருவதல்ல இது, கை கால்களின் சிறிய குழாய்கள் அழன்று அடைத்துக்கொள்வது. ஏறக்குறைய எல்லா நோயாளிகளும் புகையிலைக்காரர்கள், பெரும்பாலும் ஐம்பது வயதுக்குக் கீழே உள்ள ஆண்கள். நடந்தால் பாதத்தின் வளைவில் வலிக்கும். தோலுக்கு அடியில் சிவந்த, தொட்டால் வலிக்கும் கோடு ஒன்று தோன்றி மறைந்து வேறிடத்தில் தோன்றும். கைவிரலும் குளிரில் வெளுக்கும். கடற்கரை ஊர் ஒன்றிலிருந்து முப்பதுகளில் இருந்த ஒருவர் இப்படி வந்தார். பள்ளிக்கூட நாளிலிருந்து பீடி. ஒரு விரலை எடுத்த பிறகும் விடவில்லை, இரண்டாவதும் போனது. அவர் மனைவி கைக்குழந்தையோடு வராந்தாவில் உட்கார்ந்திருந்ததை என்னால் மறக்க முடியவில்லை. இந்த நோய்க்குப் புகையிலையை அடியோடு நிறுத்துவதைத் தவிர வேறு நம்பகமான வைத்தியம் இல்லை. குறைப்பது போதாது. வெற்றிலையோடு சேர்த்து மெல்லும் புகையிலையும் கணக்கில் சேரும். அப்படி முழுவதும் நிறுத்தியவர்களின் கால் பெரும்பாலும் தப்பியதையும் நான் பார்த்திருக்கிறேன்.

இதுவரை சொன்னதெல்லாம் மெதுவாக வருவது. திடீரென்று வருவதும் ஒன்று உண்டு, அதற்கு மணிக்கணக்குதான். நன்றாக இருந்த கால் சட்டென்று கடுமையாக வலித்து, வெளிறி, ஐஸ் போலச் சில்லிட்டு, துடிப்பு இழந்து, மரத்து, விரலை அசைக்க முடியாமல் போனால் குழாய் முழுதும் அடைத்துவிட்டது என்று பொருள். இதயத் துடிப்பு தாறுமாறாக இருப்பவர்களுக்கும், சிறு வயதில் வந்த ருமாட்டிக் காய்ச்சலால் வால்வு கெட்டவர்களுக்கும் இதயத்தில் உறைந்த ரத்தக்கட்டி கிளம்பி வந்து காலில் அடைக்கும். ஏறக்குறைய 6 மணி நேரம் தாண்டினால் தசை அழியத் தொடங்கும். எண்ணெய் தேய்க்க உட்காராதீர்கள், விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். 108ஐக் கூப்பிட்டு ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரிக்கோ, மேற்கே களியக்காவிளைப் பக்கம் என்றால் திருவனந்தபுரத்துக்கோ, ரத்தக்குழாய் அறுவை சிகிச்சைக்கு வழியுள்ள இடத்துக்கு நேரே போங்கள். விரலில் அசைவு போய்விட்டது என்பதை வண்டியில் ஏறும்போதே சொல்லுங்கள்.

மாமாவுக்கு அறுவை சிகிச்சை தேவைப்படவில்லை. பீடியை நிறுத்தினார், அதுதான் அவருக்கு எல்லாவற்றிலும் கஷ்டமாக இருந்தது. ரத்தம் உறையாமல் இருக்க ஒரு மாத்திரை, கொழுப்புக்கு ஒரு மாத்திரை, பிரஷருக்கு ஒன்று. பிறகு நடை. வலிக்கிறது என்று வந்தவரை நடக்கச் சொல்கிறார்களே என்று மாமி கோபப்பட்டார். ஆனால் இந்த நோய்க்கு நடைதான் பெரிய மருந்து. வாரத்தில் மூன்று நாளாவது, சமதரையில், வலி நன்றாகப் பிடிக்கும் வரை நடக்க வேண்டும், நின்று அடங்கவிட வேண்டும், திரும்ப நடக்க வேண்டும். இப்படி ஓய்வும் சேர்த்து முப்பதிலிருந்து நாற்பத்தைந்து நிமிஷம், குறைந்தது மூன்று மாதம். தசை கிடைக்கிற ரத்தத்தைச் சிக்கனமாகப் பயன்படுத்தப் பழகும், அடைப்பைச் சுற்றிப் போகும் சிறு குழாய்களும் உதவிக்கு வரும். காலில் புண்ணோ இரவு வலியோ உள்ளவர்களுக்கு இந்த நடை கிடையாது. அவர்களுக்கு பலூன் வைத்துக் குழாயை விரிப்பதா, மாற்றுக்குழாய் தைப்பதா என்று பார்க்க வேண்டிய நேரம் அது. மாமா எங்கள் ஊர்ப் பள்ளி மைதானத்தில் நடந்தார். முதலில் அரைச் சுற்றில் நின்றவர், கோடை முடியும்போது நிற்காமல் மூன்று நான்கு சுற்று போனார். பால் வெட்டுவதைப் பக்கத்துத் தோட்டத்தோடு நிறுத்திக்கொண்டார், மலைக்குப் போவதில்லை. வெறுங்காலோடு இறங்குவதும் இல்லை.

காலில் அடைப்பு உள்ளவருக்கு இதயத்திலும் மூளைக்குப் போகும் குழாயிலும் அடைப்பு இருக்க வாய்ப்பு அதிகம். இந்த நோயாளிகளில் காலை இழப்பவர்களைவிட மாரடைப்பாலும் பக்கவாதத்தாலும் இறப்பவர்களே அதிகம். அதனால் கால் பரிசோதனையோடு ஈசிஜி, சர்க்கரை, கொழுப்பு, சிறுநீரகப் பரிசோதனையையும் சேர்த்துக் கேளுங்கள்.

மருத்துவரிடம் போகும்போது கூட்டம் அதிகம் இருக்கும், பேச நேரம் கொஞ்சம்தான் கிடைக்கும். "கால் வலிக்கு" என்று மட்டும் சொன்னால் வலி மாத்திரையோடு திரும்பி வரலாம். ஒரு துண்டுத் தாளில் எழுதிக்கொண்டு போங்கள்: எங்கிருந்து எதுவரை நடந்தால் வலிக்கிறது, எந்தத் தசை, நின்றால் எத்தனை நிமிஷம், இரவில் தொங்கவிட வேண்டியிருக்கிறதா, எத்தனை வருஷமாகப் பீடி, எத்தனை வருஷமாகச் சர்க்கரை, சாப்பிடும் மாத்திரைகள். உள்ளே போனதும் இரண்டு செருப்பையும் சாக்ஸையும் கழற்றிவிடுங்கள், வலிக்காத காலையும் சேர்த்து. "கணுக்கால் பிரஷர் பார்க்கணும் டாக்டர்" என்று நீங்களே கேட்கலாம், அதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை. அங்கே டாப்ளர் கருவி இல்லை என்றால் அது இருக்கும் இடத்துக்கு ஒரு சீட்டு எழுதி வாங்கிக்கொண்டு வாருங்கள்.